லாய் அக்காவுக்குத் தெரியாத ஒரு நாள்

முட்டையை வெளிச்சத்தில் பிடித்து, லேசாகத் திருப்பி, "பதினாறு" என்கிறாள் லாய் அக்கா. அடுத்ததும் பதினாறு. அதற்கடுத்ததைக் காதருகே ஒரு ஆட்டு ஆட்டிவிட்டு, "இது போச்சு" என்று வாளியில் போடுகிறாள். ஓட்டை போட்ட பால்பவுடர் டப்பாவுக்குள் ஒரு பல்பு எரிகிறது. அந்த வெளிச்சத்தில் வாத்து முட்டைக்குள் ஓடுகிற சிவப்பு நரம்பைப் பார்த்தே எத்தனை நாள் முட்டை என்று சொல்லிவிடுவாள். நான் பார்த்தால் கலங்கலாக ஏதோ தெரியும், அவ்வளவுதான். பதினெட்டு நாள் ஆனவை அவித்துத் தின்பதற்காகச் சந்தைக்குப் போகும். மற்றவை இருபத்தெட்டாம் நாள் வரை உமிக் கூடையில் கிடந்து, கீச்சுக் கீச்சென்று கத்திக்கொண்டு வெளியே வரும்.

சூடு பார்க்க அவளிடம் கருவி எதுவும் கிடையாது. முட்டையை எடுத்து மூடிய கண்ணிமைமேல் வைத்துக்கொள்வாள். இமை சுட்டால் கூடையைத் திறந்து ஆற வைப்பாள், குளிர்ந்தால் வறுத்த உமி சேர்ப்பாள். கால்நடைத் துறையிலிருந்து வந்த பெண் ஒருத்தி வெப்பமானி ஒன்றைப் பரிசாகக் கொடுத்தாள். அது ஆணியில் தொங்குகிறது. அதன்மேல் அக்காவின் ஓலைத் தொப்பி தொங்குகிறது. அறுபத்துநான்கு வயதில், மகன் கழித்துப்போட்ட கால்பந்துச் சட்டையைப் போட்டுக்கொண்டு, ஒரு நாளைக்கு ஐந்து முறை ஆயிரம் முட்டைகளைப் புரட்டிப் போடுகிறவள். சும்மா சொல்லக்கூடாது, கூலிக்கு ஆள் வைத்தாலும் அப்படி நடக்காது.

'சுமார்' என்ற சொல் அவளுக்கு ஆகவே ஆகாது. யாராவது "ஒரு பத்து நாள் இருக்கும்" என்றால் "பத்தா, பதினொண்ணா?" என்று மடக்குவாள். ஊரில் எந்த வீட்டில் யாருக்கு எந்த மாதம் எந்த நாள் திதி என்பதெல்லாம் அவளுக்கு அத்துப்படி. என் அப்பாவின் திதியையே முந்தின நாள் வந்து ஞாபகப்படுத்தியவள் அவள். அப்படியும் நான் கோழி வாங்க மறந்தேன். அதை இன்றுவரை நாலு பேர் முன்னால் சொல்லிக் காட்டுகிறாள்.

இப்பேர்ப்பட்டவளுக்குத் தன் சொந்த அண்ணன் இறந்த நாள் தெரியாது. கியெம் அண்ணன் பதினெட்டு வயதில் மலைக்குப் போய்ப் போராளிகளோடு சேர்ந்தவர். இரண்டு வருஷம் கழித்து 'வீரமரணம், 1969' என்று ஒரு தாள் மட்டும் வந்தது. நாள் தெரியாதவர்கள், ஆள் வீட்டை விட்டுக் கிளம்பிய நாளில் திதி கொடுப்பது எங்கள் குவாங் ட்ரி பக்கத்து வழக்கம். அவளும் நிலாக் கணக்கில் இரண்டாம் மாதம் ஆறாம் நாள் கொடுத்துவந்தாள். ஆனால் மனசு ஒப்பவில்லை.

"அன்னிக்கு நான்தான் சோத்தை உருண்டை பிடிச்சு, எள்ளுப்பொடி வெச்சுக் கட்டிக் குடுத்தேன். வருஷா வருஷம் அதே நாள்ல சோறு வெச்சா, திரும்பத் திரும்ப வழியனுப்பற மாதிரிதானே இருக்கு? அவன் எப்ப வீடு வந்து சேர்றது?" என்பாள்.

வெர்னன் எங்கள் ஊருக்கு முதலில் வந்தது மூன்று வருஷத்துக்கு முன்னால். அமெரிக்காவில் சோளம் பயிரிடுகிறவர், கியெம் அண்ணன் வயதுதான் இருக்கும். போர்க் காலத்தில் இங்கே எதிர்த்தரப்புச் சிப்பாயாக இருந்தவர். கியெம் அண்ணனின் புகைப்படம் ஒன்று அவர் கையில் இருந்தது. பின்பக்கம் பெயரும் ஊரும் எழுதியிருந்தது. மாகாண அலுவலகத்து ஆட்கள் அவரை நேரே அக்கா வீட்டுக்குக் கூட்டிவந்தார்கள். நான் பக்கத்து வீட்டுக்காரன், பள்ளியில் ஆங்கிலம் சொல்லிக்கொடுக்கிறவன். மொழிபெயர்க்கிற வேலை என் தலையில் விழுந்தது. போன வருஷம் மறுபடி வந்தார். மூன்று நாள் மலைச்சரிவில் நடந்து, ஒரு பாறையைச் சுற்றிச் சுற்றி வந்து, "இங்கே" என்று காட்டினார். தோண்டினோம். எலும்பும், டயர் செருப்பு ஒன்றும், பெல்ட்டுக் கொக்கியும் கிடைத்தன. இப்போது அண்ணன் ஊர் வீரர் கல்லறையில் இருக்கிறார். கல்லில் பிறந்த நாள் இருக்கிறது. இறந்த நாளுக்கு இடம் விட்டிருக்கிறது.

அக்கா அவருக்குச் சோளக்காரர் என்று பேர் வைத்துவிட்டாள். முதல் வருஷம், உள்ளே குஞ்சு பாதி உருவான பதினெட்டு நாள் முட்டையைத் தின்னக் கொடுத்தபோது அவர் முகம் போன போக்கைப் பார்த்து, விழுந்து விழுந்து சிரித்தாள். அப்புறம் பாவம் பார்த்து வெறும் முட்டை அவித்துத் தந்தாள். சிரிப்பெல்லாம் அடங்கியதும், வந்த ஒவ்வொரு தடவையும் கேள்வி ஒன்றே ஒன்றுதான்: எந்த நாள்? அவர் தலையை ஆட்டுவார். நினைவில்லை என்பார். ஊராட்சித் துணைத்தலைவர் என்னைத் தனியே கூப்பிட்டு, வந்த விருந்தாளியைக் கிண்ட வேண்டாம், இவ்வளவு தூரம் வந்ததே பெரிசு என்று சொல்லிவைத்தார். துணைத்தலைவரின் பயம் எனக்குப் புரிந்தது. நாளைச் சொன்னால், அன்றைக்கு எங்கே நின்றார், கையில் என்ன இருந்தது என்பதையும் வெர்னன் சொன்ன மாதிரிதானே? அதனால் அவள் கேட்பதில் பாதியை நான் விழுங்கிவிட்டு மீதியைச் சொல்லி வந்தேன். கோழை என்று சொல்லிக்கொள்ளுங்கள், கவலையில்லை.

இந்த ஏப்ரலிலும் வந்தார். முற்றத்தில் தேநீர் வைத்துவிட்டு அக்கா மறுபடி ஆரம்பித்தாள். நான் வழக்கம்போல நாலே வார்த்தையில் மொழிபெயர்த்து முடித்தேன். அவள் என்னை முறைத்தாள்.

"ஏன் வாத்தியாரே, நான் இவ்வளவு நீளம் பேசினேன், நீ நாலு வார்த்தைல முடிச்சிட்ட. மிச்சத்தை யாருக்குப் பத்திரப்படுத்தி வெச்சிருக்க?"

எனக்கு மானமே போய்விட்டது. அவள் விடவில்லை. ஒவ்வொரு வாக்கியமாக நிறுத்தி நிறுத்திச் சொல்லி, நான் சொல்கிறேனா என்று என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அன்னிக்கு மழை பெஞ்சதுன்னு நீங்களே போன தடவை சொன்னீங்க. அவன் சட்டையில ரெண்டாவது பித்தான் இல்லைங்கறதும் ஞாபகம் இருக்கு. நாள் மட்டும் எப்படி மறக்கும்? யார் சுட்டதுன்னு நான் கேக்கல. அது எனக்கு முதல் வருஷமே தெரியும். அந்தப் போட்டோவை நீங்க நீட்டினப்பவே உங்க கை சொல்லிடுச்சு. நான் கேக்கறது நாளைத்தான்."

அத்தனையையும் சொன்னேன். ஒன்றும் விடவில்லை. வெர்னன் தேநீர்க் குவளையைக் கீழே வைத்தார்.  பிறகு பேசினார்; நான் ஒவ்வொரு துண்டாக அவளுக்குச் சொன்னேன்.

"ஏப்ரல் இருபத்தெட்டு. திங்கள்கிழமை காலைல. எங்க ஊர்ல சோள விதைப்பு தொடங்கற சமயம். அந்தத் தேதியில மட்டும் நான் டிராக்டர்ல ஏற மாட்டேன். கொட்டகைல போய் உக்காந்துக்குவேன். அன்னிக்குப் பூரா எதுவும் சாப்பிட மாட்டேன். வயித்துக் கோளாறுன்னு வீட்ல நினைச்சிக்கிட்டிருக்காங்க. நாப்பத்தாறு வருஷமா இப்படித்தான்."

அக்கா உள்ளே போய்ப் பழைய பஞ்சாங்கத்தை எடுத்துவந்தாள். விரலை வைத்து வரிவரியாக நகர்த்தினாள். "சேவல் வருஷம். மூணாம் மாசம், பன்னெண்டு" என்றாள். இன்னொரு முறை பார்த்தாள். பன்னிரண்டேதான். பஞ்சாங்கத்தை மடியில் கவிழ்த்துவிட்டுச் சட்டை நுனியால் முகத்தை மூடிக்கொண்டாள். அழுதாள். எனக்குத் தெரிந்து, எலும்பு கிடைத்த அன்றுகூட அவள் அழவில்லை. வெர்னன் எழுந்திருக்கப் பார்த்தார். உட்காருங்கள் என்று கையைக் காட்டினாள்.

மூக்கை உறிஞ்சிக்கொண்டே என்னிடம் திரும்பினாள். "சொல்லு அவர்கிட்ட. நான் தப்பான நாள்ல சோறு வெச்சுக்கிட்டிருந்தேன். அவர் சரியான நாளைத் தெரிஞ்சு வெச்சுக்கிட்டுப் பட்டினி போட்டுக்கிட்டிருந்தார். நடுவுல ரெண்டு பேருமா சேர்ந்து எங்க அண்ணனை நல்லா அலைய விட்டிருக்கோம்."

இதைச் சொல்லும்போது அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. நிலாக் கணக்கில் மூன்றாம் மாதம் பன்னிரண்டு இந்த வருஷம் ஏப்ரல் பதினெட்டில் வருகிறது என்று கணக்குப் போட்டுச் சொன்னாள். அவருக்குப் பதினைந்தாம் தேதி விமானம். அவள் இருங்கள் என்று சொல்லவில்லை. எத்தனை கிண்ணம் வைக்கவேண்டும் என்று நிச்சயமாகத் தெரிந்தால் நல்லது, அதை மட்டும் கேள் என்றாள். அவர் அங்கேயே கைபேசியை எடுத்துப் பயணத் தேதியை மாற்றினார்.

பதினெட்டாம் தேதி மத்தியானம் வீடு நிறைந்திருந்தது. அவித்த கோழி, பச்சரிசிப் பொங்கல், மூங்கில் குருத்துச் சூப்பு, மிளகு போட்டு மண்சட்டியில் வற்றவைத்த ஆற்று மீன். அண்ணன் படத்தின் முன்னால் ஊதுபத்தி எரிந்தது. துணைத்தலைவர் புதுச் சட்டையோடு முன்வரிசையில் நின்றார். வாசலோரம் ஒதுங்கி நின்ற வெர்னனைக் கையைப் பிடித்து இழுத்துவந்து, ஊதுபத்தி கொடுத்துக் கும்பிட வைத்தாள் அக்கா. தன் உதட்டுக்குள் அண்ணனிடம் ஏதோ சொன்னாள். எனக்குக் கேட்டது கடைசித் துண்டுதான்: "வந்துட்டியா, சரி, உக்காந்து சாப்பிடு."

பத்தி எரிந்து முடிந்து, படையலை இறக்கிப் பாயில் பரப்பினோம். எல்லாரும் சுற்றி உட்கார்ந்தோம். வெர்னன் என் பக்கம் சாய்ந்து, இதுதான் அந்த நாள் என்றானபின் இன்று தான் சாப்பிடுவதில்லை என்று அவளிடம் மெதுவாகச் சொல்லிவிடும்படி கேட்டுக்கொண்டார். சொன்னேன்.  அவள் சாப்பாட்டுக் குச்சிகளை, அடுத்தவருக்கு எடுத்து வைக்கிற முறைப்படி, தலைகீழாகத் திருப்பிப் பிடித்து, சட்டியில் மீனின் வயிற்றுப் பகுதியாகப் பார்த்து எடுத்து, அவர் சோற்றின்மேல் வைத்தாள். பிறகு குச்சிகளைக் கீழே வைத்துவிட்டுக் கைகளை மடியில் கோத்துக்கொண்டாள்.

வீட்டுக்கு மூத்தவள் கை வைக்காமல் எங்களில் யாரும் தொடக்கூடாது. சூப்பு ஆறிக்கொண்டிருந்தது. துணைத்தலைவர் தொண்டையைக் கனைத்தார்.  வெர்னன் தன் கிண்ணத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் குச்சியை எடுத்தார். மீன் இரண்டு தரம் நழுவியது. மூன்றாவது தரம் வாயில் வைத்து, மெல்ல மென்று, விழுங்கினார்.

லாய் அக்கா தன் கிண்ணத்தைக் கையில் எடுத்தாள்.