ஏரிக்கரை பெஞ்சு

பல் செட் செய்யும் அக்கா என்றால் அந்தத் தெருவில் எல்லாருக்கும் தெரியும். பல் டாக்டர்கள் அனுப்பும் அச்சில் மெழுகு ஊற்றி, பல் வரிசை அடுக்கிக் கொடுப்பது அவளுக்கு இருபது வருடத் தொழில். அவளுடைய கணவர், "என்னை நானே தேடிக்கணும்" என்று சொல்லி ஒரு பெட்டியோடு வீட்டை விட்டுப் போய்ப் பதினோரு வருடம். தேடுகிறவர் தனியாகத்தான் போனார் என்று அவளும் நம்பினாள். அன்றைக்குத் தடுத்திருக்கலாமோ என்ற உறுத்தல் வேறு.

குளிர் எலும்பைக் குடைந்த ஒரு காலையில் அவர் அவளுடைய பட்டறை வாசலில் வந்து நின்றார். கழுத்தில் மஃப்ளர், சாயம் பூசிய மீசை, முகத்தில் தயாராக வைத்திருந்த ஒரு சோகம்.

"நாம பழகின இடத்தையெல்லாம் ஒரு தடவ சேர்ந்து பாத்துட்டு வரலாம். மனசு கேக்கல."

"பதினோரு வருஷமா கேட்டுச்சாக்கும்," என்றாள். ஆனாலும் கையைக் கழுவிக்கொண்டு கிளம்பினாள்.

முதலில், வாடகைக்கு இருந்த மாடி அறை. இப்போது உள்ளே பெயிண்ட் டப்பாக்கள். ஜன்னல் கம்பியைத் தடவி, "எவ்வளவு சந்தோஷமா இருந்தோம்" என்றார்.

"நான் காய்ச்சல்ல கிடந்தப்ப ஃப்ரெண்டு கல்யாணம்னு அஞ்சு நாள் போயிட்டீங்களே, அந்த ரூம்தானே?"

அவருக்கு இருமல் வந்தது.

அடுத்தது ஏரிக்கரை. மூடுபனியில் தண்ணீரே தெரியவில்லை. ஈர பெஞ்சைக் கைக்குட்டையால் துடைத்துத் தான் மட்டும் உட்கார்ந்தார். கண்ணில் கட்டிய நீரை அவள் பார்க்கட்டும் என்று துடைக்காமல் விட்டார்.

"பச்சை ஸ்வெட்டர் போட்டுட்டு வந்த. குளிருதுன்னு என் பாக்கெட்டுக்குள்ள கைய விட்டுக்கிட்ட. நான் கிளம்பறதுக்கு முந்தின குளிர்காலம். மறக்கவே முடியல."

"எனக்குப் பச்சை ஸ்வெட்டரே கிடையாது. இந்த ஏரிக்கரைக்கு நான் வர்றதே இன்னைக்குத்தான்."

சாயமீசை தொங்கிப்போனது. "வயசாயிடுச்சில்ல... ஏதோ குழப்பம்..."

"குழப்பமெல்லாம் இல்ல. ஆள்தான் மாறிப்போச்சு. அவங்க எங்க இப்ப?"

"அவளும் விட்டுட்டுப் போயிட்டா."

"புத்திசாலி," என்றாள்.

கோபம் வரும் என்று நினைத்தாள், சிரிப்புத்தான் வந்தது. இந்த மனுஷனைத் தடுத்து நிறுத்தவில்லையே என்றா இத்தனை வருடம் மருகினோம் என்று தன்மேலேயே வெட்கமாக இருந்தது. அவரை அங்கேயே விட்டுவிட்டு பஸ் ஏறினாள். பட்டறையில் கூடமாட வேலை செய்யும் தங்கையிடம் சொன்னபோது இருவரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள்.

இரண்டு நாள் கழித்து அவர் போன் செய்தார். சளி பிடித்துக் கிடக்கிறாராம். உடம்பு தேறியதும் மிச்சமிருக்கும் இடங்களையும் பார்த்துவிடலாமாம்.

"யாரோட எங்க போனீங்கன்னு முதல்ல ஒழுங்கா எழுதி வச்சுக்கங்க," என்று சொல்லிவிட்டு போனை வைத்தாள்.