கடைசி வரிசையின் பெயர்கள்

செய்தி வந்தபோது நான் எடைமேடைக்குப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தேன். லாரியில் அட்டைக்கட்டு ஏறிக்கொண்டிருந்தது. விழுப்புரத்திலிருந்து தேவசகாயம் சாரின் மகள் ஸ்டெல்லா பேசினாள். “பாய் அங்கிள், அப்பா போயிட்டாரு. டயாலிசிஸுக்குக் கெளம்பிக்கினு இருந்தாரு. சட்டைய மாட்டினவரு அப்படியே கட்டில்ல சாஞ்சிட்டாரு.” அடக்கம் எப்போது என்று கேட்டேன், வருகிறேன் என்றேன். உண்மையைச் சொல்லிவிடுகிறேன். அந்த நிமிடம் எனக்கு முதலில் நினைவுக்கு வந்தது அவர் முகமல்ல. என் கிடங்கின் மாடி அறையில் இருக்கும் கேசட்டுகள். இன்னும் அறுபத்தொன்று இருந்தன. அவற்றைக் கேட்டு, வாசித்தவர் இன்னார் என்று சொல்ல இனி ஆளில்லை.

டெலிபோன் ஆபீசில் அவரோடு வேலை பார்த்தவர்களும், அவர் வீட்டுக்குப் பழைய பாட்டு கேட்க வந்து போனவர்களும் இதைப் படிப்பீர்கள். அவர் படிப்பாளி என்பது உங்களுக்குத் தெரியும். பழைய பேப்பர் வியாபாரியான எனக்கும் அவருக்கும் என்ன சம்பந்தம் என்பது பலருக்குத் தெரியாது.

மூன்று சக்கர வண்டி தள்ளி ஆரம்பித்தவன் நான். திண்டிவனத்தில் முதல் கடை போட்ட புதிதில் அவர் வந்தார். அந்தக் காலத்தில் சினிமா கொட்டகை வாசலில் விற்ற பாட்டுப் புத்தகங்கள் ஒரு கட்டு என்னிடம் கிடந்தது. அதைக் கண்டதும் அவர் முகமே மாறிவிட்டது. பார்த்த உடனே விலையை ஏற்றிவிட்டேன்.

“இன்னா பாய், என் மூஞ்சப் பார்த்து ரேட்டு சொல்றியா?”

“மூஞ்சிதான் சார் எங்களுக்குத் தராசு.”

சிரித்துக்கொண்டே கட்டின் மேலேயே உட்கார்ந்து ஒரு புத்தகத்தைப் பிரித்தார். “கதை இருக்குது. பாடினவரு பேரு இருக்குது. சோடா கம்பெனி விளம்பரம்கூட இருக்குது. வயலின் வாசிச்சானே, அவன் பேரு எங்க பாய்?”

அதுதான் அவருடைய ஆராய்ச்சி முழுவதும். பாடகர் வாய் திறந்ததும் பாட்டை நிறுத்திவிடுவார். பல்லவிக்கும் சரணத்துக்கும் நடுவில் வரும் வாத்தியம்தான் அவருக்கு வேண்டும். அதை வாசித்தவர் யார், எந்த ஊர், இப்போது எங்கே இருக்கிறார் என்று கேட்டுக்கொண்டு பஸ்ஸிலும் ரயிலிலும் அலைவார். ஆபீசில் டெலிபோன் கம்பியில் எங்கே கோளாறு என்பதை இரைச்சலை வைத்தே சொன்ன மனிதர். “முன்வரிசையில உக்காந்தவங்களப் பத்தி எழுத மெட்ராஸ்ல நூறு பேரு கீறாங்க. கடைசி வரிசை நம்ம பங்கு” என்பார்.

ஒருமுறை என் வண்டியிலேயே மேல்சித்தாமூர்ப் பக்கம் போனோம். சினிமாவில் கூட்டமாக வயலின் வாசித்து ஓய்ந்த ஒரு பெரியவர் அங்கே மகன் வீட்டில் இருந்தார். வயலின் பெட்டியைத் திறக்க அவருக்கு மனமில்லை. “நாங்க இருபது பேரு ஒரே வில்லு மாதிரி இழுப்போம். அதுல ஒருத்தன் தனியா கேட்டான்னா அவன் தப்பா வாசிக்கிறான்னு அர்த்தம். என்னைத் தனியா கேக்கணும்னு இவ்ளோ தூரம் வந்துக்கிறியேப்பா” என்று கடைசியில் பெட்டியைத் திறந்தார். அதன் பிறகுதான் சார் பதிவுக்காக டேப்பை ஓடவிட்டார். பெரியவர் கண்ணை மூடி வாசித்தார். முடிந்ததும் சார், “நல்லாருந்துச்சுங்க ஐயா” என்று மட்டும் சொல்லிப் பொத்தானை அமுக்கினார்.

திரும்பும்போது கேட்டேன், “பேரே கேக்கலியே சார்?”

“டேப்பு ஓடும்போது பேரு, அப்பா பேருன்னு கேட்டா போலீஸ் ஸ்டேஷன்ல நிக்கிற மாதிரி வெறச்சிக்குவாங்க பாய். அப்புறம் கை ஓடாது. பேரு மகன்கிட்ட கேட்டுக்கினேன்.” வண்டியிலேயே சீட்டில் பெயரையும் ஊரையும் எழுதினார். கேசட்டின் மேல் எதுவும் ஒட்டமாட்டார். ஒட்டிய காகிதம் உரிந்து டேப்பில் சிக்கி ஒரு பதிவு வீணானதிலிருந்து அப்படி. சீட்டு, கேசட், அந்தக் கலைஞர் வாசித்த படத்தின் பாட்டுப் புத்தகம், கிடைத்தால் ஒரு போட்டோ. எல்லாம் சேர்த்து ஒரு ரப்பர் பேண்டு. ஒரு கட்டுக்கு ஒரு மனிதர்.

விழுப்புரத்தில் அவர் தெருவுக்குள் வெள்ளம் வந்தபோது சார் ஆஸ்பத்திரியில் இருந்தார். ஸ்டெல்லா கூப்பிட்டாள். ஆட்களோடு வண்டியை எடுத்துக்கொண்டு ஓடினேன். இடுப்பளவு தண்ணீரில் நின்று எல்லாக் கட்டுகளையும் எடுத்து, கிடங்கு மாடிக்குக் கொண்டுவந்தேன். நனைந்த சரக்கை என்ன செய்வது என்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. முதல் வேலை தரம் பிரிப்பது. ஆட்களை நம்பாமல் நானே உட்கார்ந்தேன். ரப்பர் பேண்டுகளை அறுத்தேன். சீட்டு தனி, கேசட் தனி, புத்தகம் தனி, போட்டோ தனி. மூன்று நாள் மின்விசிறியில் உலர்த்தினேன். ஒரு சீட்டு கிழியவில்லை. என் தொழிலில் அவ்வளவு சுத்தமாக நான் சரக்குப் பிரித்ததே இல்லை.

சார் வந்து பார்த்தார். ஒரு கேசட்டை எடுத்து இரண்டு பக்கமும் திருப்பினார்.

“பாய், இதோட சீட்டு?”

பிஸ்கட் டின்னைத் திறந்து காட்டினேன். “எல்லாம் இதுல இருக்குது சார். ஒண்ணுகூட விடல.”

அவர் ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். எந்தச் சீட்டு எந்தக் கேசட்டுக்கு என்று சொல்ல இனி எதுவுமில்லை என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. பிறகு அவரே சிரித்தார். “வெள்ளம் வந்தாக்கூடத் தப்பிச்சிக்கலாம் பாய். நீ வந்தா எப்படிடா தப்பிக்கிறது?”

அதன்பின் ஞாயிற்றுக்கிழமைகளில் சர்ச்சில் பூசை முடிந்து பஸ் ஏறி வருவார். நான் கேசட்டைப் போடுவேன். கண்ணை மூடிக் கேட்பார். “இவன் வில்லத் திருப்பற எடத்துல கொஞ்சம் அழுத்துவான். தங்கராசு. சீட்ட எடு.” நான் டின்னில் தேடி எடுத்துப் புது ரப்பர் பேண்டு போடுவேன். ஷெனாய், புல்லாங்குழல், கிளாரினெட் எல்லாம் சீக்கிரம் முடிந்தன. மிஞ்சியவை கடைசி வரிசை வயலின்கள். அவருக்கே ஒன்றை நான்கு முறை கேட்க வேண்டியிருந்தது. நானும் ஒருநாள் துணிந்து ஒரு பெயர் சொன்னேன். “ஒனக்குக் காது கெடையாது பாய். அந்த எடத்துலயும் தராசுதான் வச்சிக்கீறான் ஆண்டவன்” என்றார்.

உடம்பு தளரத் தளர அவர் அவசரப்பட்டார். நான் அவசரப்படவில்லை. கடைசி ஞாயிறு காலையில் போன் செய்தார். “இன்னிக்கி ஒடம்பு நல்லா கீது பாய். வரட்டுமா, ரெண்டு மூணு பார்த்துடலாம்.”

“லோடு ஏறுது சார். அடுத்த வாரம் பாத்துக்கலாம்.”

“சரி பாய். லோடு முக்கியம்.”

கிண்டலாகச் சொல்லியிருந்தால் தேவலை. கிண்டல் இல்லை. வியாழக்கிழமை போய்விட்டார்.

அடக்கத்துக்குப் பிறகு சும்மா இருக்க முடியவில்லை. சென்னையில் ஒரு வயலின் வித்வானிடம் கேசட்டுகளைக் கொண்டுபோனேன். பத்து கேட்டுவிட்டு, “எல்லாரும் ஒரே மாதிரி வாசிக்கணும்னுதான் இவங்களுக்குப் பயிற்சியே” என்று கும்பிட்டு அனுப்பிவிட்டார். சீட்டில் இருந்த ஊர்களுக்குப் போனேன். பல வீடுகள் கைமாறியிருந்தன. ஒரு வீட்டில் மகன் இருந்தார். ஒவ்வொன்றாகப் போட்டேன். ஒன்றில் அழுதுவிட்டார். “அப்பாவா இருக்கலாங்க. தெரியல. ஊட்ல அவரு வாசிச்சதே இல்ல.” ‘இருக்கலாம்’ என்பதைச் சார் சீட்டில் எழுதவிடமாட்டார். அதைத் தனியாகவே வைத்தேன்.

மேல்சித்தாமூர்ப் பெரியவரும் இந்த அறுபத்தொன்றில் ஒருவர். அவர் வாசித்தபோது நான் இரண்டடி தள்ளி உட்கார்ந்து டீ குடித்தேன். அவர் பெயர் அந்த டின்னில் இருக்கிறது, அவர் வாசிப்பு இந்தக் கேசட்டுகளில் ஒன்றில் இருக்கிறது. மகன் குடும்பம் ஊரை விட்டுப் போய்விட்டது. எத்தனை முறை கேட்டும் எது அவர் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

உங்கள் வீட்டில் யாராவது ஸ்டூடியோக்களில் வயலின் வாசித்திருந்தால் கிடங்குக்கு வாருங்கள். எந்த லோடானாலும் நிறுத்திவைக்கிறேன்.

ஒருநாள் சாரிடம், இதையெல்லாம் புத்தகமாகப் போட்டு அட்டையில் உங்கள் பெயரைப் பெரிதாகப் போடலாம் என்றேன். “என் பேரு எதுக்கு? நான் இன்னா வாசிச்சேன்?” என்றார். அவர் எழுதிய எந்தச் சீட்டிலும் அவர் பெயர் இல்லை.

ஆனால் ஒவ்வொரு கேசட்டிலும் வில் நின்ற பிறகு, பொத்தான் அமுங்குவதற்கு முன், அவர் குரல் வருகிறது. “நல்லாருந்துச்சுங்க ஐயா.” என் காதுக்கு யாரென்று தெரிவது அது ஒன்றுதான். அறுபத்தொரு கேசட் பெட்டிகள் மீதும் மார்க்கர் பேனாவால் தேவசகாயம் என்று எழுதி வைத்திருக்கிறேன். பார்த்தால் திட்டுவார்.