சிவப்பியின் வாய்க்குள் கை விட்டவள்

இன்று விடிந்ததிலிருந்து எங்கள் மாடு சிவப்பி கத்திக்கொண்டே நின்றது.

"நாம்பனுக்குத்தான் கத்துது" என்று, அது காளை தேடுவதாக நினைத்த அம்மா, சினை ஊசி போட வரச்சொல்லி மிருக வைத்தியருக்குப் போன் எடுத்தார்.

வந்தவர் வாசல் படலையடியிலேயே நின்றுவிட்டார். மாட்டையே பார்த்துக்கொண்டு நின்றார். அதன் வாயிலிருந்து எச்சில் நூல் நூலாக ஒழுகியது. குரலும் கரகரத்துப் போயிருந்தது.

"அம்மா, இதை நாய் ஏதும் கடிச்சதோ?"

"போன மாசம் குளத்தடியில ஒரு கட்டாக்காலி நாய் கலைச்சுத் துரத்தினதுதான் டொக்டர். காயம் ஒண்டும் காணேல்லை."

"இது நாம்பன் தேடுற கத்தல் இல்லை. விசர் நோய், ரேபிஸ் எண்டு சந்தேகமாக் கிடக்கு. ஒருத்தரும் கிட்டப் போகாதேங்கோ. ஆரும் வாய்க்குள்ள கை விட்டனீங்களோ?"

"சீச்சீ, ஒருத்தரும் விடேல்லை."

காலையில் அது புல் தின்னாமல் நின்றபோது, தொண்டையில் மாங்கொட்டை சிக்கிவிட்டதென்று நினைத்து, முழங்கை வரை விட்டுத் தேடியது நான்தான். விரலில் முள்ளுக் கீறல் வேறு இருந்தது.

கையை உயர்த்தினேன். பள்ளிக்கூடத்தில் விடை தெரிந்தும் ஒருநாளும் உயர்த்தாத கை.

"ஐயோ தங்கச்சி! ஓடிப்போய்ச் சவர்க்காரம் போட்டு நல்லாக் கழுவுங்கோ. உடனே ஆஸ்பத்திரிக்குப் போய் விசர் நோய்க்கு ஊசி போடவேணும்."

இப்போது ஊசிக்காக ஆஸ்பத்திரியின் நீள வாங்கில் உட்கார்ந்திருக்கிறேன். பக்கத்தில் அம்மா என் விரல் கீறலைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறார். வீட்டில் நிற்கும் அப்பாவுக்குப் போன் எடுத்து, சிவப்பி இன்னும் கத்துகிறதா என்று கேட்கவும் பயமாக இருக்கிறது.

இந்த ஊசி போட்டவர்கள் யாராவது இருந்தால் சொல்லுங்கள், நோகுமா?

நோகும் என்றால் பொய் சொல்லுங்கள்.