எஸ்தர் வீட்டுத் தட்டு

இன்று பாத்திரம் துலக்கும்போது, விளிம்பில் எஸ்தர் என்று பெயர் வெட்டிய தட்டு கையில் வந்ததும், சிறுவயதில் நாகமலை புதுக்கோட்டைப் பள்ளி ஒன்றில் எங்கள் சர்ச் நடத்திய கோடை முகாம் நினைவில் எழுந்தது. வகுப்பறைப் பெஞ்சுகளை ஒதுக்கிப் பாய் விரித்துப் படுத்து, மணியடித்ததும் எழுந்து, ஜெபம் முடித்து, கைதட்டிப் பாடிவிட்டு, வேப்பமரத்தடியில் வரிசையாக உட்கார்ந்து, பெயர் வெட்டிய அவரவர் வீட்டுத் தட்டில் உப்புமா வாங்குவோம். முதல் நாள் அம்மா நினைப்பில் நான் அழ, பக்கத்திலிருந்த வில்லாபுரத்து எஸ்தர் தன் தட்டை என்னிடம் தள்ளிவிட்டு என் தட்டை இழுத்துக்கொண்டாள்.

"இது எங்க வீட்டுத் தட்டு. இதுல சாப்பிட்டா நீயும் எங்க வீட்டுப் பிள்ளதான். அழுகாம சாப்பிடு."

திருப்பி மாற்றிக்கொள்ள இருவருக்குமே தோன்றவில்லை. அந்தப் பள்ளி இருந்த இடத்தில் இப்போது அடுக்குமாடி வீடுகள். எந்த ஊர்ச் சமையலறையிலோ அவள் என் பெயரைத் துலக்கிக் கவிழ்த்துக்கொண்டிருப்பாள்.