குசினியில் ஒரு விநாடி

எழுபதுகளின் நடுவில், லிட்கம் என்ற வெளிநாட்டுப் புறநகரில் வாடகை வீட்டில் இருந்தபோது, நவீன வாழ்க்கையின் வேகத்தைக் கண்டித்து ஒரு பரீட்சார்த்தக் குறும்படம் எடுத்தேன். உலகம் இன்னும் அதற்கு நன்றி சொல்லவில்லை. மாலை வகுப்பில் ஒரு வித்தை கற்றிருந்தேன். ஐந்து விநாடிக்கு ஒருமுறை பொத்தானை அமுக்கி ஒவ்வொரு படமாகப் பிடித்தால், திரையில் அவை விநாடிக்குப் பதினெட்டாக ஓடும். நடப்பவர்கள் பறப்பார்கள்.

முதலில் ரயில் நிலையத்தில் ஓடுபவர்களை எடுத்தேன். பிறகு வீட்டில் ஓடுபவளை. என் மனைவி காலையில் சமைத்து, பிள்ளைகளைப் பள்ளிக்கு வெளிக்கிடுத்தி, ஏழேகாலுக்கு பிஸ்கற் தொழிற்சாலைக்குப் புறப்பட வேண்டும். நான் கமராவைக் குசினி மூலையில் நிறுத்தி, அதிலிருந்து நீண்ட கம்பியின் பொத்தானைக் கையில் பிடித்தபடி, கதிரையில் சாய்ந்து வேகத்தைக் கண்டித்துக்கொண்டிருந்தேன். கமராவைப் பார்க்கக்கூடாது, என்னோடு பேசக்கூடாது என்பது இயக்குநரின் கட்டளை.

ஒரு ஞாயிறு பின்னேரம் திரைச்சீலைகளை இழுத்துவிட்டு, சுவரில் வெள்ளைத் துணி கட்டிப் படத்தைக் காட்டினேன். மனைவியும் ஒரு சிநேகிதரும் பார்வையாளர்கள். அடுப்புக்கும் அலுமாரிக்கும் இடையில் அவள் பறந்த பறப்பில் சிநேகிதர் விழுந்து விழுந்து சிரித்தார். திரையில் திடீரெனக் கழுவுதொட்டியின் விளிம்பைப் பிடித்து, தலை குனிந்து, ஒரு கணம் அசையாமல் நின்றாள். மறுபடி பறந்தாள்.

"அந்த நிப்பாட்டல் இருக்கே ஐசே, அதுதான் கலை! எப்பிடி யோசிச்சனீர்?"

யோசித்தவன்போலத் தலையாட்டினேன்.

"யோசிக்கேல்லை அண்ணை," என்றாள் மனைவி. "எனக்குத் தலை சுத்தினது. இவரைக் கூப்பிட்டனான். கமராவைப் பாக்காதையும் எண்டவர்."

சிநேகிதர் தேத்தண்ணீரை அவசரமாகக் குடித்து முடித்து விடைபெற்றார். நான் படச்சுருளை வெளிச்சத்தில் பிடித்து எண்ணினேன். அவள் நின்றது பதினெட்டுப் படங்கள். பதினெட்டு முறை அமுக்கியிருக்கிறேன். ஒன்றரை நிமிடம். விரல் ஒருமுறைகூடத் தடுமாறவில்லை.

"நாளைக்கு லீவு போடுறன். டொக்டரிட்டைப் போவம்."

"வியாழக்கிழமையே நான் போய் வந்திட்டன்." அவள் துணியைக் கழற்றி மடித்துக்கொண்டிருந்தாள். "உடம்பிலை இரத்தம் காணாதாம். இன்னும் சோதிக்கவேணுமாம். அண்டைக்கே உங்களிட்டைச் சொன்னனான். நீங்கள் படத்தை வெட்டி ஒட்டிக்கொண்டு இருந்தனீங்கள்."

எவ்வளவு யோசித்தும் எனக்கு வியாழக்கிழமை நினைவுக்கு வரவில்லை.

"நான் என்ன சொன்னனான்?"

"'ஓம், நல்லது' எண்டனீங்கள்."