தூளியைப் பார்த்துப் பேசிய ஜப்பான் நடிகர்

அந்தத் தூளிக்குள் அவர் எட்டிப் பார்த்தாரா, இல்லையா? எட்டு மாதமாக யோசிக்கிறேன். விடை தெரியவில்லை.

தொழிற்சாலைகளில் ஜப்பானிய மொழிபெயர்ப்பாளராக இருந்தவள் நான். பிரசவத்துக்குப் பிறகு வந்த முதல் வேலை, மாகறல் பக்கம் நடந்த ஒரு சரித்திரப் படத்தின் ஷூட்டிங். இருபது வருடம் மேடையில் நடித்த ஜப்பானியர் ஒருவர் முதல்முறையாகக் கேமரா முன் நிற்க வந்திருந்தார். சாகக் கிடக்கும் பல்லவ ராஜாவிடம் ஒரு ரகசியம் சொல்லும் துறவி வேடம். நான்கு வரி வசனம், அவருடைய மொழியிலேயே.

மாமியார் முசரவாக்கத்தில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டதால், ஒன்றரை வயது மகளையும் கூட்டிப் போயிருந்தேன். கேமராவுக்குப் பின்னால் வேப்பமரத்தில் தூளி கட்டினேன். அவள் தூங்குவதைப் பார்த்த நடிகர், அங்கியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நுனிக்காலில் நடந்து போனார்.

டேக் ஆரம்பித்ததும் மேடைப் பழக்கத்தில் எல்லாம் மறந்து முழங்கினார். சாகக் கிடந்த ராஜா திடுக்கிட்டுக் கண்ணைத் திறந்துவிட்டார்.

"ஏம்மா, இவரு ஏன் இப்படிக் கத்திக்கினு இருக்காரு? ராஜா செத்துக்கினு இருக்கான்மா, செவிடு இல்ல. சொல்லு அவருகிட்ட" என்றார் டைரக்டர்.

எனக்குச் சொல்ல மனம் வரவில்லை. "உங்கள் குரல் கம்பீரமாக இருக்கிறதாம். கொஞ்சம் குறைத்தால் நல்லதாம்" என்றேன்.

நடிகர் பாதியை மட்டும் கேட்டுக்கொண்டார் போலிருக்கிறது. "கடைசி வரிசைக்கும் கேட்க வேண்டுமல்லவா?" என்று மகிழ்ச்சியாகத் தலை குனிந்தார். அடுத்த டேக்கில் மரத்தில் இருந்த காக்கைகள் பறந்தன.

ஆறாவது டேக்கும் போனது. "இன்னும் ஒண்ணுதான்மா. வரலன்னா இந்த சீனையே தூக்கிடுவேன். அவரு பாவம், ஃப்ளைட் ஏறட்டும்" என்றார் டைரக்டர்.

நான் பூசி மெழுகியதால் ஒருவருடைய முதல் படமே போகப் போகிறது. இதற்குள் மகள் விழித்து, வண்டிக்குப் பின்னால் மேக்கப் ஜோதி அக்காவின் இடுப்பில் உட்கார்ந்து முறுக்கு தின்றுகொண்டிருந்தாள். தூளி காலி. யாரும் பார்க்காதபோது ஒரு துண்டைச் சுருட்டி உள்ளே வைத்து, லேசாக ஆட்டிவிட்டேன்.

"குழந்தை இப்போதுதான் தூங்கினாள்" என்று நடிகரிடம் கிசுகிசுத்தேன்.

அவர் தூளியைப் பார்த்தார். பிறகு அந்த நான்கு வரிகளையும் மூச்சுக் காற்றிலேயே சொன்னார்.

"ஓகே" என்றார் டைரக்டர். என்னைப் பார்த்து, "இன்னாம்மா சொன்ன அவருகிட்ட?"

"நீங்க சொன்னதத்தான் சார்."

நடிகர் நேராகத் தூளியிடம் போனார். மேடையில் பிடிக்கும் தன் மடக்கு விசிறியை எடுத்து உள்ளே கையை விட்டார். நான் கண்ணை இறுக்க மூடிக்கொண்டேன். திறந்தபோது தூளிக்குத் தலை குனிந்து வணங்கிக்கொண்டிருந்தார். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை, நடிகர்தானே. சாயங்காலம் தூளியை அவிழ்த்தால், துண்டுக்கு வெயில் படாதபடி விசிறி விரித்து வைக்கப்பட்டிருந்தது.

மொழிபெயர்ப்பு வேலைக்கு வரும் தங்கைகளுக்கு நான் கற்றதைச் சொல்கிறேன். திட்டையும் திட்டாகவே சொல்லிவிடுங்கள். இல்லாவிட்டால் துண்டைத் தாலாட்ட வேண்டிவரும்.

அடுத்த மாதம் அந்தப் படத்தின் இரண்டாம் பாகத்துக்கு அவர் வருகிறார். நேற்றுச் செய்தி அனுப்பியிருக்கிறார்: "குழந்தை வராவிட்டாலும் பரவாயில்லை. தூளியைக் கட்டாயம் கொண்டு வாருங்கள்."

உண்மையைச் சொல்லி மன்னிப்புக் கேட்பதா, துண்டைத் துவைத்து வைப்பதா? வாசகர்கள்தான் எனக்கு ஒரு வழி சொல்ல வேண்டும்.