தொட்டிக்குள் நடந்த கடற்போர்

நான் மூன்றாம் வகுப்பில் படித்தபோது, டென்மார்க்கில் நாங்கள் இருந்த ஹோர்சன்ஸ் நகர நூலகத்தின் கீழ்த்தளத்தில் எங்களுக்குப் பழைய செய்திப்படங்கள் காட்டினார்கள். சத்தமே இல்லை. அரசர் கப்பலிலிருந்து இறங்கினார். தொப்பி போட்டவர்கள் வேகவேகமாக நடந்தார்கள். இடையிடையே எழுத்து அட்டை வந்தது. பிறகு ஒரு கடற்போர். கப்பல்கள் புகைந்து கவிழ, நான் கதிரையை இறுகப் பிடித்துக்கொண்டேன். ஆசிரியை சிரித்தார். படக்கருவி போருக்குப் போக முடியாத காலம். அது தண்ணீர்த் தொட்டி, அட்டைக் கப்பல், சுருட்டுப் புகை என்றார். சனங்கள் அதை உண்மையென்றே நம்பிப் பார்த்தார்களாம்.

வீட்டில் மாலைச் செய்திக்கு நான்தான் மொழிபெயர்ப்பாளர். அம்மாவுக்கு டேனிஷ் தெரியாது. கோழித் தொழிற்சாலையில் பெட்டி அடுக்கிய அப்பாவும் தனக்கு விளங்காது என்றே சொல்வார். யாழ்ப்பாணத்தில் இருந்த மாமாவிடமிருந்து ஐந்து வாரமாகக் கடிதம் இல்லை.

அன்று மாலை தொலைக்காட்சியில் எங்கள் ஊர்ச் சந்தி வந்தது. எரிந்த பஸ். பக்கத்தில் ஒரு சைக்கிள் விழுந்து கிடந்தது.

"ஐயோ, அது தம்பியின்ரை சைக்கிள்! பிள்ளை, என்னவாம் சொல்லுறான்?" அம்மா எழுந்துவிட்டார்.

அறிவிப்பாளர் செத்தவர்களின் எண்ணிக்கையைச் சொன்னார். எனக்கு விளங்கியது. அதைத் தமிழில் சொல்ல வாய் வரவில்லை.

"உது நடிப்பு அம்மா. தொட்டிக்குள்ளை கப்பல் விட்டுப் படம் எடுக்கிறவையாம். ரீச்சர் சொன்னவா."

நான் பள்ளிக்கூடத்தில் படித்ததை எப்போதும் பகிடி பண்ணும் அப்பா, அன்று பண்ணவில்லை.

"கேட்டீரே? படிச்சவை சொல்லுகினம். உம்மடை தம்பீன்ரை ஓட்டைச் சைக்கிளை டென்மார்க் வரைக்கும் படம் எடுத்து அனுப்புவாங்களே? இரும்."

எழுந்து போய்ச் சத்தத்தை முழுவதாக நிறுத்தினார். அதன்பிறகு மூன்று வாரம் எங்கள் வீட்டில் செய்தி ஊமையாகவே ஓடியது. ஒவ்வொரு மாலையும் அப்பா, "அந்தத் தொட்டிக் கதையைச் சொல்லு பிள்ளை" என்பார். நான் சொல்வேன். அம்மா திரையை விட்டு என் முகத்தைப் பார்ப்பார். அறிவிப்பாளர் சொன்ன அந்த எண்ணை மட்டும் நான் சொல்லவில்லை.

கடைசியில் கடிதம் வந்தது. சைக்கிளை எப்போதோ விற்றுவிட்டதாக மாமா எழுதியிருந்தார்.

அந்த எண்ணை வீட்டில் நான் ஒருத்திதான் சுமந்தேன் என்று பல வருடம் நினைத்திருந்தேன். அப்பா தொழிற்சாலையில் நாள் முழுவதும் பெட்டிகளை எண்ணியது டேனிஷில்தான்.